எலுமிச்சை மண்டியில் ரபீயுல் அவ்வல்

ஹஜரத் குகையில் நெடுநேரம் நிற்கிறார்.
பள்ளிவாசல் ஒலிபெருக்கி வழியே
ஹிராவின் இருட்டு எங்கள் தெருவில் இறங்குகிறது.
ஓதுவீராக என்ற சொல்,
மூன்று முறை இறுக்கியணைத்த வானவர்,
நெஞ்சு படபடக்க மலையிறங்கிய அண்ணலார்.
பிறகு ஒரே மூச்சில்
வீட்டுக்கு வந்தார்கள், போர்த்தச் சொன்னார்கள், போர்த்தினார்கள்
என்று முடித்துவிட்டு
ஸலவாத்துக்குப் போய்விடுகிறார்.

எனக்கு அந்த இடத்தில்தான் வேலை இருக்கிறது.

நான் மைமூன். புளியங்குடியில் காய் மண்டி.
பழத்தை உள்ளங்கையில் உருட்டினால்
தோல் கனமா, சாறு கனமா, சொல்லிவிடுவேன்.
ஆளை உருட்டிப் பார்க்க
அதைவிட நாள் பிடிக்கும்.

கதீஜா நாயகியும் வியாபாரம் பார்த்தவர்.
ஷாம் தேசத்துக்குச் சரக்கு அனுப்பி
வந்த கணக்கில்
ஒரு காசு வழுக்கவில்லை என்று கண்டவர்.
பதினைந்து வருஷம் ஒரே வீட்டில் பார்த்தவர்.

அந்த இரவில்
வானவரை அந்த அம்மா பார்க்கவில்லை.
குரல் கேட்கவில்லை.
வேதத்தில் அப்போது ஐந்தே வசனம்.
சாட்சி எங்கே என்று கேட்காமல் சொன்னார்:
சொந்தத்தை முறிக்காதவர் நீங்கள்,
மாட்டாதவன் சுமையைத் தூக்குகிறவர்,
விருந்தாளிக்குச் சோறு போடுகிறவர்,
அல்லாஹ் உங்களைக் கைவிட மாட்டான்.

ஒன்றுகூட வானத்துச் செய்தி இல்லை, கவனியுங்கள்.
எல்லாம் அடுப்படியும் தராசும்.
பேரேட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு வந்த ஈமான்.
எடையில் பொய் சொல்லாத நாக்கு
வானத்தைப் பற்றி மட்டும் ஏன் சொல்லப்போகிறது?

அன்றைக்கு மார்க்கம் முழுவதும்
ஒரு கம்பளி அகலம்.

போன ஐப்பசியில் துராப்ஷா வந்தான்.
பதினோரு வருஷமாக என் லாரி ஓட்டுகிறவன்.
கொல்லத்துக்கு லோடு.
ஆரியங்காவு தாண்டி, மழையில், மண் சரிந்து
முன்னால் போன வண்டி பள்ளத்தில் விழ
இவன் இறங்கிப் போயிருக்கிறான்.
யாரோ ஒருவரின் கையை
அது சில்லிட்டுப் போகிற வரைக்கும்
பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான்.
இதெல்லாம் அவன் பெண்டாட்டி சொல்லி
பிறகு தெரிந்தது.

சுபுஹு பாங்குக்கு முன்னால்
மண்டி ஷட்டரைத் தட்டினான்.
பல் கிட்டிக்கொண்டு பேச்சு வரவில்லை.
"லாத்தா," என்றான். "லாத்தா, ஒரு..."

நான் கேட்டேன்:
"லோடு என்னாச்சுலே?"

நூற்றுப்பத்து மூட்டை, வழியிலேயே நிற்கிறது, என்றான்.
எழுதிக்கொண்டேன்.
எழுதிவிட்டு நிமிர்ந்தபோதுதான்
அவன் நின்ற இடத்தில் தண்ணீர் குளம் கட்டியிருந்தது.
கைக்கு அகப்பட்டது காய்ச் சாக்கு.
அதைப் போர்த்தினேன்.
சொல்ல வந்ததை அதற்குள் விழுங்கிவிட்டிருந்தான்.

நபித்துவத்தின் வாசல் அடைத்து
ஆயிரத்து நானூறு வருஷமாயிற்று. தெரியும்.
லாரிக்காரன் லாரிக்காரன்தான். அதுவும் தெரியும்.
ஆனால் மலையிலிருந்து
நடுங்கி இறங்குகிறவர்கள் நின்றபாடில்லை,
அவர்கள் தட்டுவதற்குக் கதவு என்று
என்னுடையதும் ஒன்று இருக்கிறது.

துராப்ஷா இப்போதும் ஓட்டுகிறான்.
ஆரியங்காவு வேண்டாம் என்றான், சரி என்றேன்.
இரண்டு பேரும் அதற்கு மேல் பேசவில்லை.

கல்லாவுக்குக் கீழே
ஒரு கம்பளி வாங்கி வைத்திருக்கிறேன்.
விலைச்சீட்டு கிழிக்கவில்லை.
எலுமிச்சை வாசம் ஏறிவிட்டது.

ஒலிபெருக்கி கரகரத்து ஓய்கிறது.
தெருவில் நெய்ச்சோற்றுக்குப் பிள்ளைகள் ஓடுகிறார்கள்.
ஹஜரத் இந்தப் பக்கமாக வந்தால்
ஒன்று கேட்க வேண்டும்:
அந்தப் போர்வை
என்ன நிறம்?