பெயரில் மட்டும் பச்சை

இஸ்தான்புல்லில் ஒரு பாதாள அறை.
என் மேசைக்கு வந்தவை ஐந்து தகரப் பெட்டிகள்.
மஞ்சள் நாட்காட்டி.
நீல விடுதியின் சாவி.
சிவப்புத் தொப்பிக்காரர் இன்னும் வரவில்லை.
ஊதா ஞாயிறு.
பச்சைக் கையுறைகள்.
எல்லாமே கறுப்பு வெள்ளை.

வண்ணச் சுருள் அன்று யானை விலை.
சொல் மலிவு.
சுவரொட்டியில் ஒரு நிறத்தை எழுதிவிட்டால்
மீதியைப் பார்க்க வருகிறவர்கள் பூசிக்கொள்வார்கள்.
கோடை அரங்கின் மர நாற்காலிகளில்
சூரியகாந்தி விதை கொறித்தபடி
பூசத்தான் பூசினார்கள்,
கூலி கேட்காமல்.

எனக்குக் கூலி உண்டு.
ஐந்துக்கும் நிறமேற்றித் தர வேண்டும், மார்ச்சுக்குள்.
மஞ்சளும் நீலமும் சொன்ன பேச்சைக் கேட்டன.
ஊதாவுக்கு ஒரே ஒரு திரைச்சீலை, அரை நாள்.
தொப்பிக்காரர் கடைசி வரை வருவதே இல்லை,
சிவப்பு மிச்சம்.

பச்சையில் மாட்டிக்கொண்டேன்.

காட்சி நாற்பத்தொன்று. படகுத்துறை.
அவள் கம்பியில் கை வைக்கிறாள்.
பின்னால் புகை, பறவைகள்,
ஏற மறுக்கும் ஒரு நாய்.
கை மட்டும் பதினோரு நொடி.
இதற்காகவே இரண்டாம் முறை டிக்கெட் எடுத்தார்களாம்.

எந்தப் பச்சை?

பிஸ்தாப் பருப்பு என்கிறார்
ஓய்வுபெற்ற பல் மருத்துவர் நெஜாத்தி.
சைப்ரஸ் மரம், அதுவும் கல்லறைத் தோட்டத்தில் நிற்பது,
என்றது பூர்சாவிலிருந்து ஒரு தொலைபேசிக் குரல்.
பழைய டிராம் வண்டி என்றது ஒரு கடிதம்,
தடத்தின் எண்ணோடு.
கண்ணால் பார்த்தோம் என்கிறார்கள்
மூன்று பேரும்.

பிறகு கணக்குப் புத்தகம் கிடைத்தது.
உடைப் பிரிவு, பென்சில் எழுத்து:
கையுறை, ஒரு ஜோடி, சிவப்பு, பதினெட்டு லிரா.
அடியில் இன்னொரு வரி:
பச்சையைப் படம்பிடித்தால் சாம்பலாகச் செத்துக் கிடக்கிறது.
திட்டு வாங்கினேன்.
சிவப்பு பரவாயில்லை.

சிரித்ததில் காபி சிந்தியது.
பச்சைப் பொய்!
அறுபது வருடமாக ஒரு நாடே
சிவப்பை உற்றுப் பார்த்துவிட்டு
பிஸ்தாவா சைப்ரஸா என்று
அடித்துக்கொண்டிருக்கிறது.

அன்றிரவே சிவப்பை ஏற்றினேன்.
உண்மை வந்து நின்றது,
வீடு மாறி வந்த விருந்தாளி மாதிரி
எங்கே உட்காருவது என்று தெரியாமல்.
அந்தக் கை அவளுடையதாக இல்லை.
அழித்தேன்.

வியாழக்கிழமை இஸ்மிரிலிருந்து ஓர் உறை.
உள்ளே ஒற்றைக் கையுறை, இடது.
கட்டைவிரலில் பூச்சி அரித்த ஓட்டை.

“படம் பார்த்த மறுநாள்
பெரிஹான் கடை கடையாக ஏறி வாங்கியது.
எங்கள் திருமணப் பதிவுக்கு இதைப் போட்டுக்கொண்டு வந்தாள்.
மோதிரம் போடும்போது கழற்ற மறந்து
அதிகாரிகூடச் சிரித்தார்.
இன்னொன்று எங்கே என்று
அவளுக்குத்தான் தெரியும், கேட்க முடியாது.
வேலை முடிந்ததும் திருப்பி அனுப்பவும்.
ஷெவ்கெத்.”

பிஸ்தா இல்லை. சைப்ரஸ் இல்லை. டிராம் நிச்சயமாக இல்லை.
ஜாடியின் அடியில்
யாரும் எடுக்காமல் கிடக்கும் ஆலிவ்.
கறுப்பு வெள்ளையில் பிடித்துப் பார்த்தேன்:
சாம்பல். செத்துத்தான் கிடந்தது.
பென்சில்காரர் பொய் சொல்லவில்லை.

ஆனால் அந்தப் பொய்
கடை ஏறி, பேரம் பேசி,
ஒரு கையெழுத்தும் போட்டிருக்கிறது.

சுண்டுவிரலை உட்புறமாகத் திருப்பினேன்.
வெயில் படாத இடம்.
அங்கிருந்து நிறத்தை எடுத்து
பதினோரு நொடிக்கும் ஏற்றினேன்.
ஆதாரம் என்ற இடத்தில் எழுதினேன்:
பெரிஹான், இடது கை.

தபால் அலுவலகத்தில் கேட்டார்கள், உள்ளே என்ன?
கையுறை.
ஒன்றுதானா?
ஒன்றுதான்.

நிறத்துக்கு
அந்தப் படிவத்தில் கட்டம் இல்லை.