அரைமணி மடம்

ஆமிக்கு ஆறு மணி ஆகும்போது
அம்மன் கோயிலுக்கு ஐந்தரை.
நாட்டுக்குப் புது நேரம் வந்து
எங்கள் பூசைக்கு வராமல்போன அந்தப் பத்து வருசத்தில்
இரண்டுக்கும் நடுவே ஒரு அரைமணி
ஆருக்கும் சொந்தமில்லாமல் கிடந்தது.
அதற்குள்தான் மடம் இருந்தது.

குருநகரில், வலை காயப்போடும் வெளிக்குப் பின்னால்
செல் விழுந்து கூரை போன ஐஸ் பக்டரி.
மற்ற நேரமெல்லாம் ஆடு மேயும்.
புது ஆறு அடித்ததும் கூரை வந்துவிடும்,
தகரம் தகரமாய்ப் படபடத்து இறங்கும்,
கொக்குகள் மாதிரி.
உள்ளே குளிர். பாசி மணம்.
மின்சாரமில்லாமல் சுற்றும் ஒரு மின்விசிறி.

எமிலியானாதான் எல்லாம்.
நிமிசங்களைப் பனங்களி போலப் பாயில் ஊற்றி
மெல்லிசாய்த் தடவுவாள்.
காய்ந்தால் மேலே இன்னொரு பூச்சு.
பிறகு கத்தியால் சதுரமாய் வெட்டி
பழைய பேப்பரில் சுற்றித் தருவாள்.

சுவரில் சோக்கட்டியால் எழுதியிருந்தது:
போனதைக் கேளாதேங்கோ.
நீட்டலாம், மடிக்கலாம், கடன் எடுக்கலாம்.
வட்டி உண்டு.

கணக்குச் சோதனைக்கு இருபது நிமிசம் கேட்டுச்
சங்கவேல் வந்தான்; ஆனாலும் பெயில்.
கனடாக் கோலை நீட்டவென்று
கொமினிகேசன் வாசலிலிருந்து நேரே வந்தா தயாநிதி ரீச்சர்.
தலையாட்டிக்கு முன்னால் நிற்கப்போகும் நிமிசத்தை
மடித்துத் தரச்சொல்லி ஒரு பெடியன்.
அதற்கு மட்டும் அவள் காசு வாங்கவில்லை.
மடித்த நிமிசம் சட்டைப்பையில்
ஈயம் மாதிரிக் கனக்குமாம்.

செபமாலைநாதர் நாள் தவறாமல் வருவார்,
ஒரு பின்னேரத்தை முழுசாய்த் திருப்பிக் கேட்டு.
அவருக்கு அவள் சுவரைக் காட்டமாட்டாள்.
தேத்தண்ணி ஊற்றிக் கொடுப்பாள்.
அது ஆறவே ஆறாது.

நான் எடுத்தது பதினொரு நிமிசம்.
பாதை திறந்த வருசம்.
கொழும்பு பஸ்ஸில் யன்னலோரம் ரெஜினா.
ட்ரைவர் சிகரெட்டைப் பற்றவைத்தார்,
அது பதினொரு நிமிசம் எரிந்தது.
சொல்ல வந்ததை நான் சொல்லவில்லை.
மிக்சர் வாங்கிக் கொடுத்தேன்.
மிச்சச் சில்லறையை எண்ணினேன்,
இரண்டு தரம்.

பிறகு ஒரு சித்திரை வருசப்பிறப்பன்று நடுச்சாமம்
அரசாங்கம் மணிக்கூட்டைப் பின்னுக்குத் தள்ளியது.
ஆமிக்கும் அம்மனுக்கும் ஒரே மணி.
"அண்டைக்கு ஒரு அரைமணி இரண்டு தரம் வரும்" என்று
எமிலியானா முதலே சொல்லியிருந்தாள்.
"முதலாவது சனத்துக்கு. மற்றது கடன்காரருக்கு.
வந்து கட்டிப்போட்டுப் போங்கோ."

நான் ஒழுங்கான ஆள்.
ஒன்பது மணிக்கே மணிக்கூட்டைத் திருத்திவிட்டு
படுத்துவிட்டேன்.

விடிய அங்கே ஆடு நின்றது.

பெற்றோல் வரிசையில் நின்ற மூன்று நாளை
இப்பவும் செலவழிக்காமல் வைத்திருக்கிறேன்,
கட்டிவிடலாமென்று. ஆரிடம் கட்டுவது?
அவர்களோ எங்கிருந்தோ அறவிடுகிறார்கள்.
குளிக்கப் போனால் தலை துவட்டுமுன் மத்தியானம்.
மகளுக்குச் சப்பாத்து நாடா கட்டிவிடக் குனிந்தேன்,
ஏழு வயசுக்காரி.
நிமிர்ந்தபோது மழை விட்டிருந்தது,
அவள் பத்து வயசில்
தானாகவே முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தாள்.
வட்டி என்றால் இப்படித்தான், முதலைத் தொடாது.

போன கிழமை ஐந்தரைக்கு அந்தப் பக்கம் போனேன்.
சீமெந்துத் தரையில் வெயில் கிடந்தது.
நடுவில் சதுரமாய் ஒரு ஈரம்.
ஆடொன்று வந்து அதை நக்கியது,
நக்கிவிட்டு ஒரு காலைத் தூக்கியபடி
அப்படியே நின்றது, வாலில் இருந்த ஈயும் பறக்காமல்.

ஆறு அடித்ததும்
காலை ஊன்றியது.