பத்து நொடியும் ஒரு மூச்சும்

ஸ்டாப்வாட்ச் என் கையில் இருந்தது.
ஹெல்சின்கி தொலைக்காட்சி நிலையத்தில்
இருபத்தாறு வருடம் அதுதான் என் வேலை:
எது எத்தனை நொடி.

ஒன்னி ஸாரெலா வந்தபோது
கோட்டில் பனி, வயலின் பெட்டியில் பீர் வாசம்.
முந்தின இரவு துறைமுகத்துப் பக்கம் ஒரு நிலவறையில்
ஒரே மெட்டை நாற்பது நிமிடம்
உருட்டி, புரட்டி, எங்கோ தொலைத்து,
விளக்கணைக்கிற நேரத்தில் மீட்டெடுத்தாராம்.
டிரம்மர் தௌனோ சொன்னான்.

எங்களுக்கு வேண்டியது பத்து நொடி,
வானிலை அறிக்கைக்கு முன்னால்.

"மழையா, வெயிலா?" என்று கேட்டார்.
"எதற்கும் பொருந்த வேண்டும்" என்றார் தயாரிப்பாளர்.
முதலில் வாசித்தது பதினேழு. அடுத்தது பதின்மூன்று.
பிறகு ஒரு பன்னிரண்டு.
அதன் கடைசிச் சுரம் போய் இறங்கிய இடத்தை
இன்றைக்கும் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.
நான்தான் வெட்டினேன்.
பிளேடும் என் வேலைதான்.
வெட்டியும் ஒட்டவில்லை. நாலாவதுதான் பத்து.

அப்புறம் துப்பறியும் தொடர்கள், மாட்டுத்தீவன விளம்பரம்,
ஏழு வருடம் ஓடிய குழந்தைகள் நிகழ்ச்சி:
துணி முள்ளம்பன்றி நடக்க
நரம்பை விரலால் சுண்டிச் சுண்டி ஒரு நடை.
வயிற்றுப்பாட்டுக்கு ஒரு பாட்டு என்பார்.
வியாழன் இரவுகளில் அதே நடையை
வேகம் குறைத்து வாசிப்பார் நிலவறையில்.
என்னவென்று தெரியாமல் அழுதவர்களில்
எங்கள் தயாரிப்பாளரும் ஒருவர்.

இசைத்தட்டு ஒன்றே ஒன்று.
முந்நூறு பிரதியில் பாதி அவர் கட்டிலுக்கடியில்.

ஒன்றைச் சொல்லவில்லை.
அந்தப் பத்து நொடிக்கு முன்னால்
வில்லைத் தூக்கும்போது மூக்கால் அவர் இழுத்த மூச்சு
நாடாவில் விழுந்திருந்தது.
எடுத்துவிடு என்றார் ஒலிப்பதிவாளர்.
சரி என்றேன். எடுக்கவில்லை.
சம்பளச் சீட்டில் பத்து என்றே எழுதினேன்.

பதினெட்டு வருடம், எட்டே முக்காலுக்கு,
உருளைக்கிழங்கு வேகும் சமையலறைகளில்
யாரோ ஒருவர் மூச்சை இழுத்தார்.
அதற்குப் பிறகுதான்
நாளைக்குக் குடை வேண்டுமா என்பது தெரிந்தது.

கடைசியாக அவரைப் பார்த்தது
மூன்றாம் எண் டிராமில்.
மடியில் எக்ஸ்ரே உறை.
முன் இருக்கையில் ஒரு பையன்
அந்த மெட்டைச் சீட்டியடிக்க வாய் குவித்தான்.
குவிக்குமுன்
மூக்கால் ஒரு மூச்சு இழுத்தான்,
அதுவும் மெட்டில் சேர்த்தி என்பதுபோல.

"பதினொன்று" என்றார் ஒன்னி, என்னைப் பார்க்காமல்.
"ஒரு நொடிக் காசு பாக்கி இருக்கிறது."