ஒன்பதாம் பகுதி

டுலூத்தில் ஏரி உறைந்துவிட்டது.
ஒரே போர்வைக்குள் நான்கு கால்கள்,
நடுவில் வறுத்த பட்டாணி.
திரையில் தொண்ணூறுகளின் டோக்கியோ:
தோளில் பஞ்சு வைத்த கோட்டு,
டெலிபோன் கூண்டு, தவறவிட்ட கடைசி ரயில்.

டெட்சுரோ முதலில் சிரிப்பான்.
ஆங்கில எழுத்து வந்து சேர்ந்ததும் நான்.
அந்த இரண்டு விநாடிதான்
நம் கல்யாணத்தின் அகலம் என்றேன் ஒருமுறை.
கிண்ணத்தை நகர்த்தச் சொன்னான்.

ஒன்பதாம் பகுதி. மழை.
இரண்டு மணி நேரம் காத்திருந்தவளிடம்
ஒருவழியாக வாய் திறக்கிறான் அந்த அசடு.
கீழே மஞ்சளில்:
நீ இல்லாமல் என்னால் முடியாது.
மூக்கை உறிஞ்சினேன்.

"அப்படிச் சொல்லவேயில்லையே அவன்."
"பின்னே?"
"சாக்ஸ் நனைந்துவிட்டதா என்று கேட்டான்."

திரும்ப ஓட்டிப் பார்த்தோம், மூன்று தடவை.
சாக்ஸ்தான்.
எங்கோ ஒரு மேசையில் கண்விழித்த யாரோ
பொறுக்கமாட்டாமல்
எழுதிவிட்டிருக்கிறார்.

காலையில் பூஜ்யத்துக்கு இருபது கீழே.
வாசலில் குனிந்து
என் பூட்ஸின் பனியைத் தட்டியபடி,
"பேட்டரி சரியில்லை, மரிட்.
அரை மணி முன்னாலேயே
வண்டியைக் கிளப்பி வைத்துவிட்டேன்" என்றான்.

அவன் சட்டையில்
மூன்றாம் பொத்தானுக்குக் கீழே
பார்த்துக்கொண்டே நின்றேன்.

"என்ன, கறையா?" என்றான்.