அசையாதவர்கள்

இரவுப் பணி முடிந்து வந்தால்
படுக்க விடமாட்டாள் ரெக்ஸலின்.
"உட்காரு. சுவரோரமா. கை முட்டிமேல.
கும்பிடுற மாதிரி வேண்டாம், சும்மா வை."
குதைபியாவில் எங்கள் அறைக்கு ஒரே ஜன்னல்,
அதையும் ஏசி அடைத்துக்கொண்டிருக்கிறது.
ட்யூப்லைட்டைத் தரையில் கிடத்தி
மேலே பழைய டீப்பாயின் கண்ணாடி:
அதுதான் அவள் மேசை.

டைப்பிங் சென்டரில் வீணான விசாத் தாள்களை
அள்ளி வருவாள்.
வரையும்போது பின்பக்கத்து அரபி
ஒளியில் திசைமாறி
இடமிருந்து வலமாக ஊரும், எறும்புச் சாரை.

எங்கிருந்தோ ஒரு கோப்பு கிடைத்திருந்தது அவளுக்கு.
கம்பெனி வெள்ளைக்காரன் கையில் இருந்த காலம்.
ஒரே ஒரு பாரா:
கூலி கேட்டார்கள். நாற்பத்தொரு பேர்
குழாய்க்கிடங்கு வாசலில் உட்கார்ந்தார்கள்.
நான்காம் நாள் கப்பலேற்றப்பட்டார்கள்.
பெயர் இல்லை.
குழாய்களுக்கு எண் இருந்தது.

ஓடுகிறவனை வரைவது சுலபமாம்.
பன்னிரண்டு தாள், ஒரு நொடி, ஓடிவிடுவான்.
உட்கார்ந்திருப்பவன்தான் உயிரை எடுக்கிறான்.
ஒரே தாளை நிறுத்திவைத்தால் பிணமாகிவிடுகிறான்.
அதே தோளை, அதே முட்டியை
முதலிலிருந்து மறுபடி மறுபடி வரையவேண்டும்.
தாளுக்குத் தாள் கோடு மயிரிழை பிசகும்.
அந்தப் பிசகில்தான் மூச்சு விடுகிறான்.

முகங்களை அக்கம்பக்கத்தில் கடன் வாங்கினாள்.
கோல்டு ஸ்டோர் அபூசாலி,
மீன் மார்க்கெட்டில் செதிள் உரிக்கும் சிலுவைப்பிச்சை,
தண்ணீர் பில்லோடு வந்த வாட்ச்மேன்கூட.
டாக்சிக்கார ஜாசிம் பார்த்துவிட்டுச் சொன்னார்:
அங்கே ஏது மரம்? அழி.
அழகுக்குப் போட்ட மரம்தான். அழித்தாள்.
ரப்பருக்குத் தப்பிய இலைகள்
இப்போது ஈக்கள்.
அவர்கள் ஓட்டவில்லை.

முட்டி மட்டும் நாற்பத்தொருவருக்கும் என்னுடையது.

நூற்று முப்பத்திரண்டு தாள்,
பதினோரு நொடி.
சோற்றுத்தட்டைத் தள்ளிவைத்துவிட்டு
அவள் போனில் பார்த்தேன்.
எட்டு வருஷம் வார்டில் நின்று வீங்கிய முட்டி
யார் வந்தும் எழுப்ப முடியாதபடி
உட்கார்ந்திருந்தது.
"கப்பல்?" என்றேன்.
"அதைத்தான் அவனே எழுதிவச்சுட்டானே."

சாயங்காலம் கீழே டூட்டி பஸ் ஹாரன்.
இரண்டாவது ஹாரன்.
லேட்டானால் சூப்பர்வைசர் பெயர் எழுதிக்கொள்வாள்.
"இன்னும் ஒரே தாள்," என்றாள் ரெக்ஸலின்,
"இடது தோள் சரியா மூச்சு விடலை."

மாட்டிய செருப்பைக் கழற்றினேன்.