மூன்றாம் அழைப்பு

மூன்று தடவை கூப்பிட வேண்டும் என்பது விதி.
எவ்வளவு இடைவெளி விட்டு என்று
டவாலிக்கு யாரும் சொல்லித் தருவதில்லை.

அன்று குல்லுவில் விடியுமுன்பே மழை.
நீதிமன்றச் சுவருக்குப் பின்னால் பியாஸ் ஆறு
ஏற்றத்தில் திணறும் லாரிபோல் உறுமிக்கொண்டிருந்தது.
சன்னல் கட்டையில் என் தேநீர் ஆடை கட்டத் தொடங்கியிருந்தது.
கீமி தேவி கீமி தேவி கீமி தேவி என்றேன்
ஒரே மூச்சில்,
ஏலம் முடிக்கிற அவசரத்தில்.
தாழ்வாரத்தில் ஒரு நாய் தலை தூக்கியது.
"மனுதாரர் வரவில்லை. தள்ளுபடி."
ஒன்பது வருஷத்து வாய்க்கால் வழக்கு
அரை வரியில் முடிந்தது.

நாலு மணிக்கு வந்தாள்.
லார்ஜி பக்கம் மலை சரிந்து பஸ் நின்றுவிட்டதாம்.
முழங்கால்வரை சேறு, செருப்பு கையில்.
பூட்டிய கதவைப் பார்த்தாள்,
சாவியோடு நின்ற என்னைப் பார்த்தாள்.
"கூப்பிட்டீர்களா?"
"மூன்று தடவை" என்றேன்.
அது பொய்யில்லை.

அப்புறம் செத்த கட்டை எழுப்பும் வேலை.
மீண்டும் கோப்பில் ஏற்றச் சொல்லி ஒரு மனு,
அந்த மனு கெடு தாண்டி வந்ததால்
நாற்பத்தேழு நாள் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஒரு மனு,
பஸ் டிக்கெட் நனைந்து எழுத்தழிந்ததற்கு
ஒரு பிரமாணப் பத்திரம்.
புருஷனின் அண்ணன் ஜாபே ராம் எதிருரையில் சொன்னார்,
வழக்கில் அவளுக்கு அக்கறையே இல்லையென்று.
அக்கறை இல்லாதவள்
பதினாறு வாய்தாவுக்கு வந்தாள்.
'கீமி' என்று நான் வாயெடுக்கும்போதே
எழுந்து நின்றாள், 'தேவி'க்குக் காத்திராமல்.

இரண்டாம் மார்ச்சில், எதிராளிக்கு
ஐந்நூறு ரூபாய் செலவுத்தொகை கட்டவைத்து
வழக்கை உயிர்ப்பித்தார்கள். பழைய எண்ணே.
கட்டைத் தட்டியபோது என் மூக்கெல்லாம் தூசி.

முதல் விசாரணை.
வக்கீல் தொண்டையைச் செருமுவதற்குள் அவள் சொன்னாள்:
"வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்."

வக்கீலின் பேனா மூடி உருண்டு என் காலடிக்கு வந்தது.
நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.
"செத்துத்தானே கிடந்தது, அப்படியே விட்டிருக்கலாமே அம்மா?"
"வரவில்லை என்று எழுதிவிட்டீர்கள், ஐயா.
நான் வந்தேன். சாலைதான் வரவில்லை."
"பின்னால் மறுபடி தொடுக்க அனுமதி வேண்டுமா?"
"வேண்டாம். வந்தாள் என்று மட்டும் எழுதுங்கள்."
எழுதினார்கள். வழக்கமான வரிதான்:
மனுதாரர் நேரில் ஆஜர். வாபஸ் பெற்றதால் தள்ளுபடி.

வாய்க்கால் என்னாயிற்று என்று யாரும் கேட்கவில்லை.
ஜாபே ராம் மட்டும் சட்டைப்பையைத் தொட்டுக்கொண்டார்,
அந்த ஐந்நூறு இருக்கிறதா என்று பார்த்தாரோ,
திருப்பிக் கொடுக்க நினைத்தாரோ.
அவள் அதற்குள் படியிறங்கிவிட்டாள்.

இத்தனை தாளிலும் எங்கேயும் இல்லை
அன்றைய என் ஒற்றை மூச்சு.

அடுத்த வழக்கு.
"நோக்கு ராம்" என்றேன்.
படிக்கட்டுவரை நடந்து எட்டிப் பார்த்தேன்.
கீழே யாரோ குடையை உதறும் சத்தம்.
உள்ளேயிருந்து பெஞ்சு கிளார்க் கத்தினார்,
"என்னய்யா, தூங்கிட்டியா?"