பொடிசு

ஒரு வரிக்கு முப்பத்திரண்டு எழுத்து,
திரையில் இரண்டு வரி,
ஆறு விநாடிக்குள் வாசித்து முடிய வேண்டும்.
வியாழன் இரவுக்குள் நான் ஒப்படைக்க வேண்டியது
ஹங்கேரியிலிருந்து நாணல் ஏரி வழியே
ஒரு குடும்பம் தப்பிய ஆவணப்படம்.
கம்பிவேலி, காவல் கோபுரம், தேடுவிளக்கு, மோப்ப நாய்.
இதற்கெல்லாம் என்னிடம் சொற்கள் தயாராக இருக்கின்றன,
போன வருடத்துப் போர்ப்படங்களில் சேர்த்தவை.

லாயோஷ் பேசுகிறார். வயது எண்பத்து மூன்று,
அன்றைக்குப் பதினான்கு.
விளக்கு திரும்பும்போதெல்லாம் தண்ணீருக்குள் முங்கி
நாணல் தண்டை வாயில் கவ்வி மூச்சு விட்டார்களாம்.
சொல்லும்போதே உதட்டைக் குவிக்கிறார்.
அறுபத்தொன்பது வருடமாகத் தண்டு அங்கேயேதான் இருக்கிறது.

என் கையில் இருப்பது ஆங்கிலப் பிரதி மட்டும்.
பதினெட்டாம் நிமிடம்:
ஐந்து பேர் கிளம்பினோம்.
பக்கத்து வீட்டுப் பொடிசையும் எங்களோடு அனுப்பியிருந்தார்கள்.
நாணலுக்குள் பொடிசு களைத்து

இங்கே நின்றேன்.

விட்டானா, விட்டாளா?
ஆங்கிலம் ஒன்றும் கேட்காமல் உள்ளே விட்டிருந்தது.
தமிழ் விடாது.
ஒவ்வொரு வினைமுற்றின் வாலிலும் ஒரு சாவடி,
ஆணா பெண்ணா, ஒருவரா பலரா,
காட்டிவிட்டுத்தான் போக வேண்டும்.
மரியாதையாக 'விட்டார்' என்று கடந்துவிடலாமென்றால்
நாலு வயதாம்,
சிரிப்பார்கள்.

பொடிசு களைத்துவிட்டது.
குற்றமில்லை, பேச்சில் அப்படித்தான் சொல்கிறோம்.
நாயும் கோபுரமும் குழந்தையும் நமக்கு ஒரே 'அது'.
ஆனால் ஐந்து பேர் என்று எண்ணிவிட்டு
ஐந்தாமவரை மட்டும் அஃறிணையில் இறக்கிவிட்டு வர
எனக்குக் கை வரவில்லை.
தயாரிப்பாளர் இல்திகோவுக்கு எழுதினேன். பதில் இல்லை.
வியாழன் வந்துவிட்டது. இறக்கிவிட்டேன்.

அதற்கடுத்துப் பதினொரு விநாடி மௌனம்.
மேசையில் கிடந்த ரொட்டித் துணுக்குகளை
விரல் நுனியால் ஒவ்வொன்றாக ஒற்றி எடுக்கிறார் லாயோஷ்.
"இங்கே வரி ஏதும் விட்டுப்போச்சா?"
என்று ரெஹானா கேட்டாள்.
இல்லை, அவர் அவ்வளவுதான் சொன்னார் என்றேன்.

ஞாயிறு இரவு. உட்லண்ட்ஸ், பதினோராவது மாடி.
ஜன்னலில் பாலமும் அதன்மேல் நகராத சிவப்பு விளக்குகளும்.
தயாநிதி ஜோகூருக்கு மூன்று நடை பேருந்து ஓட்டிவிட்டு
சீருடையைக்கூடக் கழற்றாமல் தட்டோடு உட்கார்ந்தார்.
நாளைக்கு ஆறு தடவை எல்லை கடக்கிறவர்.
எல்லை என்றால் அவருக்கு
நெரிசல், முதுகுவலி, அடக்கிக்கொண்ட சிறுநீர்.
படம் ஓடட்டும் என்று ஓடவிட்டார்.

விளக்கு திரும்பியது. நாணல் அசைந்தது.
என் வரி வந்தது, ஆறு விநாடி நின்றது, போனது.
தயாநிதியின் கை தட்டில் அப்படியே நின்றது.
"பையனா, பொண்ணா?"

கடைசியில் பெயர்கள் ஓடின,
என் பெயரில் ஓர் எழுத்துப் பிழை.

இல்திகோவின் பதில் செவ்வாய்க்கிழமை வந்தது.
மன்னிக்கவும், பயணத்தில் இருந்தேன்.
எங்கள் மொழியில் அவனுக்கும் அவளுக்கும் ஒரே சொல்தான்.
அவர் சொல்லவில்லை.
நாங்களும் கேட்கவில்லை.

மறு ஒளிபரப்புக்குத் திருத்தம் அனுப்ப
மாலை ஆறு மணி வரை நேரம் இருந்தது.
கோப்பைத் திறந்தேன்.
'விட்டது' என்பதை மட்டும் அழித்தேன்.
நாணலுக்குள் பொடிசு களைத்து
வெறும் வினையெச்சம். வால் கிடையாது,
எந்தச் சாவடியிலும் எதையும் காட்ட வேண்டாம்,
எந்தக் கரைக்கும் போய்ச் சேரவும் செய்யாது.

ஐந்தரைக்கு ரெஹானா அழைத்தாள்.
"அக்கா, பதினெட்டாம் நிமிஷத்துல
வாக்கியம் முடியலையே."

தெரியும் என்றேன்.